அமாங் அஸ்ல ஜெயிக்கிறது எப்படி?

மொதல்லயே சொல்லிடறேன் மக்களே. வாரம் அஞ்சு நாள் பொட்டி தட்டிட்டு, வெள்ளிக்கிழமை ராத்திரி மறுபடியும் அதே பொட்டி முன்னாடி உக்கார்ற ஒருத்தனோட பதிவு இது. நாட்டு நடப்பு, பட விமர்சனம் எதிர்பார்த்து வந்தவங்க அடுத்த பதிவுக்கு வாங்க, கோவிச்சுக்க மாட்டேன் :-)

"இன்னுமாடா அதை ஆடிட்டு இருக்கீங்க?" இதுதான் எல்லாரும் கேக்குற கேள்வி. ஆமாங்க, இன்னும் ஆடிட்டுதான் இருக்கோம். 2020-ல கடைசி செமஸ்டரை வீட்டுல இருந்தே முடிச்சு, கான்வகேஷனும் இல்லாம, ஹாஸ்டல்ல விட்ட பக்கெட்டைக் கூட எடுக்க முடியாம பிரிஞ்ச கூட்டம் நாங்க. பத்து பேர். இப்ப ஒருத்தன் ஓசூர், ரெண்டு பேர் பெங்களூரு, ஒருத்தி டப்ளின், மிச்சப் பேர் சென்னையிலயும் கோவையிலயும் சிதறிக் கிடக்கோம். கல்யாணத்துக்குக் கூட எல்லாரும் ஒண்ணா வர முடியல. வெள்ளிக்கிழமை பத்து மணிக்கு மட்டும் எப்படியோ வந்துடுவோம். டப்ளின்காரிக்கு அப்ப சாயங்காலம். ஆபீஸ்ல இருந்து ஓடி வருவா.

எங்க அம்மாவுக்கு இது இன்னும் பழகல. ராத்திரி பதினோரு மணிக்கு "சத்தியமா நான் கொல்லலடா, அவன் செத்தப்ப நான் மெட்பேல இருந்தேன்"னு பையன் கத்தினா எந்த அம்மாதான் நிம்மதியா தூங்குவாங்க? தண்ணி சொம்போட வந்து நின்னு "ஏன்டா, யாரைக் கொன்னுட்டு வந்து உக்காந்திருக்க?"ன்னு கேட்டுட்டுப் போவாங்க.

சரி, மேட்டருக்கு வருவோம்.

தெரியாதவங்களுக்கு ரெண்டு பாரா

ஒரு விண்கலம். அதுல பத்து பேர். எட்டு பேர் உண்மையான வேலைக்காரங்க, அதாவது க்ரூமேட். ரெண்டு பேர் வேஷம் போட்டு உள்ள நுழைஞ்சவங்க, அதாவது இம்போஸ்டர். க்ரூமேட் எல்லாரும் வயர் மாட்டுறது, குப்பை கொட்டுறது, கார்டு தேய்க்கிறதுன்னு சின்னச் சின்ன டாஸ்க்கை முடிக்கணும். இம்போஸ்டர் ஒவ்வொருத்தரா போட்டுத் தள்ளணும். பொணத்தைப் பார்த்தவங்க ரிப்போர்ட் அடிச்சா மீட்டிங். யார் மேல சந்தேகமோ அவங்களுக்கு ஓட்டு. அதிக ஓட்டு வாங்கினவர் விண்கலத்துக்கு வெளியே. எல்லா டாஸ்க்கும் முடிஞ்சாலோ, ரெண்டு இம்போஸ்டரையும் வெளியே தள்ளினாலோ க்ரூமேட்டுக்கு வெற்றி. ரெண்டு பக்கமும் ஆள் எண்ணிக்கை சமம் ஆயிட்டா இம்போஸ்டருக்கு வெற்றி.

இன்னர்ஸ்லாத்னு ஒரு குட்டி அமெரிக்க கம்பெனி 2018-ல விட்ட கேம் இது. ரெண்டு வருஷம் பெருசா யாரும் சீண்டல. 2020-ல ஊரே வீட்டுக்குள்ள அடைஞ்சு கிடந்தப்ப, ட்விட்ச்சுலயும் யூட்யூப்லயும் ஆடுறவங்க கையில எடுத்ததும் பத்திக்கிச்சு. அந்த ஆகஸ்ட்ல ரெண்டாம் பாகம் வருதுன்னு அறிவிச்சாங்க. அடுத்த மாசமே அதை ரத்து பண்ணிட்டு, இருக்குற கேமையே சரிபண்றோம்னு உக்காந்துட்டாங்க. அக்டோபர்ல அமெரிக்க காங்கிரஸ் உறுப்பினர் அலெக்ஸாண்ட்ரியா ஒகாசியோ-கோர்டெஸ், ஜனங்களை ஓட்டுப் போடச் சொல்றதுக்காக இதை நேரலையில ஆடினாங்க. ஒரே நேரத்துல 4 லட்சம் பேருக்கு மேல பார்த்தாங்க.

ஐடியா ஒண்ணும் புதுசு இல்ல. 1980-களோட பின்பாதியில மாஸ்கோ பல்கலைக்கழகத்துல உளவியல் மாணவரா இருந்த டிமிட்ரி டேவிடாஃப் உருவாக்கின 'மாஃபியா'தான் இதுக்குத் தாத்தா. அதையே 1997-ல ஆண்ட்ரூ ப்ளாட்கின் 'வேர்வுல்ஃப்'னு ஓநாய் வேஷம் கட்டி விட்டார். அவ்வளவு தூரம் போவானேன்? சின்ன வயசுல சீட்டு மடிச்சுப் போட்டு ராஜா ராணி மந்திரி போலீஸ் திருடன் ஆடியிருப்பீங்களே. போலீஸ் சீட்டு வந்தவன் மத்தவன் மூஞ்சியைப் பார்த்தே திருடனைக் கண்டுபிடிக்கணும். அதோட தூரத்துச் சொந்தம்னு வெச்சுக்கலாம்.

ஆனா ஒரு பெரிய வித்தியாசம். சீட்டு ஆட்டத்துல மூஞ்சியைத் தவிர வேற ஆதாரமே கிடையாது. இதுல மேப் இருக்கு, நேரம் இருக்கு, கேமரா இருக்கு. அதை விட்டுட்டு இன்னமும் மூஞ்சியைப் பார்த்தே ஓட்டுப் போடுறவங்கதான் வாராவாரம் தோக்குறாங்க. இந்தப் பதிவோட மொத்த சாரமும் இதுதான். கீழ வர்றது எல்லாம் விளக்கவுரை.

நீங்க க்ரூமேட்டா இருந்தா

1. டாஸ்க்கை முடிங்க சாமி. நம்மாளுங்க பாதிப் பேர் துப்பறியும் சாம்புவா மாறி அடுத்தவன் பின்னாடியே சுத்துவாங்க. டாஸ்க் பார் நகரவே நகராது. செத்துப் போனாலும் ஆவியா சுத்தி டாஸ்க்கை முடிக்கலாம், அதுவும் கணக்குல சேரும். "நான்தான் செத்துட்டேனே"ன்னு டீ போடப் போற ஆளுங்களால எத்தனையோ ஆட்டம் கையை விட்டுப் போயிருக்கு.

2. மேப்பை மனப்பாடம் பண்ணுங்க. ஸ்கெல்ட் மேப்பையே எடுத்துக்குவோம், அதுதான் முதல் மேப். அதுல வென்ட் எங்கிருந்து எங்க போகுதுன்னு தெரிஞ்சாலே பாதி கேஸ் முடிஞ்சது. எலக்ட்ரிகல், மெட்பே, செக்யூரிட்டி மூணும் ஒரே லைன். கஃபடேரியா, அட்மின், ஷீல்ட்ஸ் பக்கத்துல இருக்குற காரிடார் ஒரு லைன். ரியாக்டர்ல இருந்து மேல் எஞ்சினுக்கும் கீழ் எஞ்சினுக்கும் போகலாம். நேவிகேஷன்ல இருந்து வெப்பன்ஸுக்கும் ஷீல்ட்ஸுக்கும் போகலாம். எலக்ட்ரிகல்ல இருந்து மெட்பேக்கு நடந்து வரணும்னா பெரிய சுத்து. இப்பதான் எலக்ட்ரிகல்ல பார்த்த ஆள் கண்ணை மூடித் திறக்கிறதுக்குள்ள மெட்பேல நிக்கிறான்னா, அவன் கிட்ட வேற கேள்வியே கேக்க வேணாம்.

3. எலக்ட்ரிகல்ல தனியா போகாதீங்க. ஒரே வாசல், மூலையில இடம், கேமரா கிடையாது. ஸ்கெல்ட்ல மொத்தம் நாலு கேமரா, நாலும் காரிடாரைத்தான் பார்க்கும். எங்க கூட்டத்துல எலக்ட்ரிகலுக்கு 'சுடுகாடு'ன்னே பேரு.

4. கண்ணுக்குத் தெரியிற டாஸ்க்கை வெச்சு சர்டிஃபிகேட் வாங்குங்க. மெட்பே ஸ்கேன், வெப்பன்ஸ்ல கல்லு சுடுறது, ஷீல்ட்ஸ் போடுறது, ஸ்டோரேஜ்ல குப்பை கொட்டுறது, இதெல்லாம் பக்கத்துல நிக்கிறவங்களுக்கும் தெரியும். இம்போஸ்டரால இதை நடிக்க முடியாது. ரூம் வெச்சவர் அந்த வசதியை அணைக்காம இருந்தா, ஸ்கேன் ஏறும்போது ஒருத்தரைச் சாட்சிக்குக் கூப்பிட்டுக்கங்க. அப்புறம் ஆட்டம் முழுக்க உங்க பேச்சுக்கு மதிப்பு.

5. பொது டாஸ்க்கைக் கவனிங்க. கார்டு தேய்க்கிறதும் வயர் மாட்டுறதும் ஸ்கெல்ட்ல பொது டாஸ்க். ஒருத்தருக்கு இருந்தா எல்லாருக்கும் இருக்கும். உங்க லிஸ்ட்ல கார்டே இல்ல, ஆனா ஒருத்தன் அட்மின்ல நின்னு கார்டு தேய்க்கிறான். புரியுதுங்களா?

6. அட்மின் டேபிளை நம்புங்க, ஆனா முழுசா நம்பாதீங்க. எந்த ரூம்ல எத்தனை பேர்னு அது காட்டும், யாருன்னு காட்டாது. பொணமும் ஒரு ஆளாத்தான் அதுல தெரியும். ஒரு புள்ளி ரொம்ப நேரமா அசையாம இருக்குன்னா, அந்த ஆள் வேலை பார்க்கலேன்னு அர்த்தம் :-(

7. கணக்குப் போடுங்க. இஞ்சினியரிங் படிச்சதுக்கு எங்கயாவது உபயோகப்படட்டும். பத்து பேர்ல ரெண்டு இம்போஸ்டர். உங்களைக் கழிச்சா ஒன்பது பேர்ல ரெண்டு பேர். முதல் மீட்டிங்ல ஆதாரமே இல்லாம ஒருத்தரைத் தள்ளினா, ஒன்பதுக்கு ஏழு வாய்ப்பு, நம்மாளையே தள்ளுவீங்க. அப்ப ஸ்கிப் பண்றது கோழைத்தனம் இல்ல.

ஏழு பேர் இருக்கீங்க, ரெண்டு இம்போஸ்டரும் உள்ளேயே. இப்ப தப்பா ஒருத்தரைத் தள்ளினா நாலுக்கு ரெண்டு. அவங்க ரெண்டு பேரும் ஒரே நேரத்துல ஆளுக்கு ஒண்ணு போட்டா ரெண்டுக்கு ரெண்டு, ஆட்டம் க்ளோஸ். அதனால ஏழுல ஓட்டுப் போடுறப்ப கை கொஞ்சம் நடுங்கணும்.

நாலு பேர், ஒரு இம்போஸ்டர். இங்கதான் நெறைய பேருக்குப் புரியாத சூட்சுமம் இருக்கு. இப்ப ஓட்டுப் போட்டா, உங்களைக் கழிச்சு மூணு பேர்ல ஒருத்தர் குற்றவாளி. தப்பாப் போச்சுன்னா ரெண்டுக்கு ஒண்ணு, அடுத்த கொலையில தோல்வி. அதுக்குப் பதிலா ஸ்கிப் பண்ணிட்டு எல்லாரும் ஒட்டிக்கிட்டே நில்லுங்க. அவன் ஒருத்தரைப் போட்டா உடனே ரிப்போர்ட். இப்ப மிச்சம் மூணு பேர், உங்களைக் கழிச்சா ரெண்டுல ஒருத்தர். எப்படியும் உங்களுக்கு இருக்குறது ஒரே ஓட்டுதான். அதை மூணுல ஒண்ணுக்குப் போடுறதை விட ரெண்டுல ஒண்ணுக்குப் போடுறது மேல். அதுவும் கண்ணு முன்னாடியே போட்டிருந்தா சொல்லவே வேணாம். ஒட்டி நிக்கிறதுதான் முக்கியம். பிரிஞ்சு போனீங்கன்னா பொணத்தைப் பார்க்கக் கூட ஆள் இருக்காது.

நீங்க இம்போஸ்டரா இருந்தா

1. முடிஞ்ச வரைக்கும் உண்மையே பேசுங்க. "ஸ்டோரேஜ் வழியா கம்யூனிகேஷன்ஸ் போனேன், வழியில மஞ்சளைப் பார்த்தேன்." இதுல ஒரு வார்த்தை கூட பொய் இல்ல. நடுவுல செஞ்ச ஒரே ஒரு காரியத்தை மட்டும் சொல்லல, அவ்வளவுதான். பொய் கம்மியா இருந்தா ஞாபகம் வெச்சுக்க வேண்டியதும் கம்மி.

2. விளக்கை அணைங்க. லைட் போனா க்ரூமேட்டுக்குக் கண்ணு மங்கும், உங்களுக்கு மங்காது. சரிபண்ற ஸ்விட்ச் இருக்குற இடம் எது? நம்ம சுடுகாடு. நாலு பேர் பேனல் முன்னாடி குவிஞ்சு நிக்கிறப்ப அதுல ஒருத்தர் விழுந்தா யார் போட்டதுன்னு சொல்றது ரொம்பக் கஷ்டம்.

3. சபடாஜ்ங்கிறது ஆளுங்களை நீங்க நெனச்ச இடத்துக்கு ஓட வைக்கிற சாட்டை. ரியாக்டரை சரிபண்ண ரெண்டு பேர் ஒரே நேரத்துல கை வைக்கணும். ஆக்சிஜனுக்கு ஒரு கோடு ஓ2 ரூம்ல, இன்னொரு கோடு அட்மின்ல. பொணம் இடது பக்கம் கிடக்குன்னா ஆக்சிஜனைக் கட் பண்ணி எல்லாரையும் வலது பக்கம் ஓட விடுங்க. இன்னொரு லாபம், இந்த ரெண்டு அபாயமும் ஓடிட்டு இருக்கும்போது யாராலயும் எமர்ஜென்சி பட்டனை அமுக்க முடியாது.

4. கூட்டாளிக்கு வக்காலத்து வாங்காதீங்க. அவன் மாட்டிக்கிட்டான்னு தெளிவாத் தெரிஞ்சா மொத ஓட்டு உங்களோடதா இருக்கட்டும். நட்பு வேற, தொழில் வேற.

5. 'மூணாவது இம்போஸ்டரை'க் கண்டுபிடிங்க. நெஜத்துல க்ரூமேட்தான், ஆனா அடிச்சு விடுறதுல உங்களையே மிஞ்சுவான். "நான் சொல்றேன், வெள்ளைதான், ஓட்டுப் போடுங்கடா"ன்னு எந்த ஆதாரமும் இல்லாம சாமியாடுவான். அவனைக் கடைசி வரைக்கும் உயிரோட வெச்சுக்கங்க. உங்க வேலையை அவனே பார்த்துப்பான்.

இப்ப ஒரு சந்தேகம் வரலாம். எட்டு பேர் ரெண்டு பேர் கிட்ட எப்படித் தோக்குறாங்க? இதை உக்காந்து கணக்குப் போட்டே பார்த்திருக்காங்க. பிரேவர்மேன், எத்தெசாமி, மோசெல்னு மூணு பேர் 2008-ல மாஃபியா ஆட்டத்தைப் பத்தி ஒரு ஆய்வுக் கட்டுரை வெளியிட்டாங்க. மொத்த ஆள் எண்ணிக்கையோட வர்க்கமூலம் அளவுக்கு மாஃபியா ஆளுங்க இருந்தாலே ரெண்டு பக்கமும் ஏறக்குறைய சமபலம்னு காட்டினாங்க. அதாவது நூறு பேர் கூட்டத்துல ஐம்பது திருடன் தேவையே இல்ல. பத்து பேர் அளவுக்கு இருந்தாலே போதும். ஏன்னா அவங்களுக்கு யார் யார்னு தெரியும். மத்த தொண்ணூறு பேருக்கும் ஒண்ணும் தெரியாது. எண்ணிக்கையை விட தகவல்தான் பலம்.

மீட்டிங்

இப்பதான் நான் உண்மையிலேயே எழுத வந்த விஷயத்துக்கு வர்றேன்.

எங்க கூட்டத்துல நாங்க ஒருத்தரை ஒருத்தர் கலர் பேர் சொல்லித்தான் கூப்பிடுவோம். சிவப்பு, எங்க கூட்டத்து வக்கீல். காலேஜ்ல அட்டெண்டன்ஸ் இல்லாமலே ஹெச்ஓடி கிட்ட பேசி ஹால் டிக்கெட் வாங்கினவன். பச்சை, எங்க கூட்டத்துலயே நல்லா கோடு எழுதுறவன். ஆனா பேச்சு திக்கும். நாலு பேர் சேர்ந்து சத்தம் போட்டா இன்னும் திக்கும். நேர்ல பழகின எங்களுக்கு அது ஒரு விஷயமே இல்ல. காலேஜ்ல அவன் சொல்லி முடிக்கிற வரைக்கும் காத்திருந்து பழக்கம்.

ஆனா ஆட்டத்துல டைமர் ஓடுது. யாரோ பொணத்தை ரிப்போர்ட் அடிச்ச அடுத்த செகண்ட், பத்து பேரும் மைக்ல ஒரே நேரத்துல கத்துவாங்க. "எங்கடா?" "எலக்ட்ரிகல்!" "யார் இருந்தா?" "பச்சை எங்க இருந்த?" பச்சை ஆரம்பிப்பான், "நா... நான்..." சிவப்பு உடனே "பாரு, யோசிக்கிறான்! சஸ்!" அவ்வளவுதான். அஞ்சு ஓட்டு. பச்சை வெளியே. பச்சை இம்போஸ்டர் இல்லைன்னு திரையில எழுத்து வரும். எல்லாரும் சிரிப்போம். அவனும் சிரிப்பான். அடுத்த ஆட்டம், அதே கதை. வாரக்கணக்கா இப்படியே போச்சு.

ஒரு வெள்ளிக்கிழமை பச்சை வரல. அடுத்த வாரமும் வரல. கேட்டா ஆணி அதிகம்னான்.

டப்ளின்காரிதான் ஒரு நாள் ஆட்டத்தை நிறுத்திட்டுச் சொன்னா. "ஏய், அவன் இல்லாத ரெண்டு வாரமா க்ரூமேட் ஒரு ஆட்டம் கூட ஜெயிக்கல, கவனிச்சீங்களாடா? மேப்பைப் பார்த்து ஆடுற ஒரே ஆள் அவன்தான். அவனைத்தான் நாம மொத தள்ளிட்டு இருந்தோம்." யாரும் வாயைத் தொறக்கல. எப்பவும் எதுக்கும் பதில் வெச்சிருக்குற சிவப்பு கூட.

இது எங்க கூட்டத்துக்கு மட்டும் வந்த வியாதி இல்ல. ஒருத்தர் பேசுற விதத்தைப் பார்த்துப் பொய்யைக் கண்டுபிடிச்சுடலாம்னு நாம எல்லாருமே நம்புறோம். பாண்ட், டிபாலோன்னு ரெண்டு ஆராய்ச்சியாளர்கள் 2006-ல அதுவரைக்கும் நடந்த ஆய்வு எல்லாத்தையும் ஒண்ணா சேர்த்துப் பார்த்தாங்க. 24,000 பேருக்கும் மேல உண்மையா பொய்யான்னு தீர்ப்பு சொல்லியிருந்தாங்க. சராசரியா சரியாச் சொன்னது 54 சதவீதம். காசு சுண்டிப் பார்த்தாலே 50 வரும். இவ்வளவு பேர் கண்ணையும் குரலையும் உத்து உத்துப் பார்த்ததுக்குக் கிடைச்ச லாபம் வெறும் நாலு.

அதாவது திக்குறது, தடுமாறுறது, அமைதியா இருக்குறது, வேகமாப் பேசுறது, இது எதுவும் ஆதாரம் இல்ல. எலக்ட்ரிகல்ல இருந்தியா இல்லையா, கூட யார் பார்த்தா, எத்தனை மணிக்கு, இதுதான் ஆதாரம்.

டப்ளின்காரி அன்னைக்கே ஒரு சட்டம் போட்டா. மூணே மூணு விதி.

ஒண்ணு, ரிப்போர்ட் அடிச்சவர் மட்டும் மொத பேசணும். எங்க பொணம், போற வழியில யாரைப் பார்த்தேன்னு ரெண்டே வரி. மத்தவங்க மைக் ம்யூட்.

ரெண்டு, அப்புறம் லிஸ்ட்ல இருக்குற வரிசைப்படி ஒவ்வொருத்தரா. எங்க இருந்தேன், கூட யார் இருந்தா, கடைசியா யாரைப் பார்த்தேன். ஒருத்தர் பேசி முடிக்கிற வரைக்கும் குறுக்க பேசக் கூடாது. வாயால சொல்ல வரலேன்னா டைப் பண்ணலாம், அதுக்கும் அதே மதிப்பு.

மூணு, "அவன் குரலே சரியில்ல", "எனக்கு ஒரு ஃபீலிங்"னு சொன்னவங்களோட வாதம் செல்லாது.

இதுக்காகவே ரூம் செட்டிங்ல பேசுற நேரத்தைக் கூட்டி வெச்சோம். அப்புறம் பச்சைக்கு போன் போட்டு, விதி மாறியிருக்கு, வந்து பாருன்னு சொன்னா. வந்தான்.

முதல் ஆட்டத்துலயே தெரிஞ்சுடுச்சு. அவன் முறை வந்ததும், நிதானமா, நடுநடுவுல நிறுத்தி, "மெட்பே ஸ்கேன் முடிச்சு வெளிய வந்தேன். ஊதா கஃபடேரியாலேர்ந்து வந்தேன்னு சொல்றான். நான் அட்மின் போற வரைக்கும் கஃபடேரியாலதான் இருந்தேன். அங்க யாரும் இல்ல." முழுசா சொல்ல அரை நிமிஷம் ஆச்சு. ஊதா நான்தாங்க. அவ்வ்வ்வ்! இம்போஸ்டரும் நான்தான். விண்கலத்துக்கு வெளியே உருண்டுக்கிட்டே போனப்பவும் எனக்குச் சிரிப்புதான் வந்துச்சு.

இந்த விதி இம்போஸ்டருக்கும் நல்லதுதான் பண்ணிச்சு. சத்தத்துக்குள்ள ஒளிஞ்சுக்க முடியாது, அதனால நல்ல பொய்யா யோசிக்கணும். சிவப்பு மாதிரி ஆளுங்க ஆட்டமே மெருகேறிடுச்சு. இப்பல்லாம் அவன் கொலை பண்றதுக்கு முன்னாடியே அலிபைக்கு ஆள் தேடுறான்.

ஆணி புடுங்குற இடத்துல

பச்சை அந்த ரெண்டு வாரம் ஏன் வரலேன்னு ரொம்ப நாள் கழிச்சுதான் சொன்னான். ஆணி காரணம் இல்ல. எங்க சிரிப்பும் முழுக் காரணம் இல்ல. அவன் வேலை பார்த்த இடத்துல, கம்பெனி பேர் வேணாம், ஒரு ராத்திரி ப்ரொடக்‌ஷன் படுத்துடுச்சு. பொட்டி தட்டுற ஜாதிக்கு அந்தக் காலைப் பத்தி விளக்க வேண்டியதில்ல. முப்பது பேர் ஒரே கால்ல. கஸ்டமர், டேமேஜர், டேமேஜருக்கு டேமேஜர் எல்லாரும் இருக்காங்க. "கடைசியா கோடு மாத்தினது யாரு?"ன்னு கேள்வி. யாரோ ஒருத்தர் இவன் பேரைச் சொல்லியிருக்கார். "நீ சொல்லுப்பா"ன்னாங்க. இவனுக்கு வார்த்தை வரல. மூணு செகண்ட் அமைதி. அந்த மூணு செகண்டையே வாக்குமூலமா எடுத்துக்கிட்டாங்க. அறிக்கையில இவன் பேர் ஏறிடுச்சு.

அமாங் அஸ்ல வெளியே தள்ளினா அடுத்த ஆட்டத்துல திரும்ப வந்துடலாம். அப்ரைசல்ல அப்படி வர முடியாது.

அது நடந்த அதே வாரம்தான் நாங்களும் "யோசிக்கிறான், சஸ்"னு சிரிச்சுட்டு இருந்திருக்கோம். அவன் இதைச் சாதாரணமாத்தான் சொன்னான். கேட்டுட்டு இருந்த ஒன்பது பேருக்கும் தொண்டையில எதோ அடைச்ச மாதிரி இருந்துச்சு.

அப்புறம் நடந்ததையும் சொல்லணும். எங்க புது விதியில ஒரு மாசம் ஆடின பிறகு, அவன் ஆபீஸ்ல ஒரு மெயில் போட்டிருக்கான். பழைய லாகை எல்லாம் தோண்டி எடுத்து, எத்தனை மணிக்கு அவனோட மாற்றம் போச்சு, எத்தனை மணிக்கு முதல் பிழை வந்துச்சு, நடுவுல வேற யாரோட கான்ஃபிக் மாற்றம் போச்சுன்னு மூணு காலம் போட்டு ஒரு டேபிள். யாரையும் குத்தம் சொல்லல. எங்க இருந்தேன், எப்ப இருந்தேன், கூட யார் இருந்தா. அவ்வளவுதான். முதல் பிழை அவன் கை வைக்கிறதுக்கு இருபது நிமிஷம் முன்னாடியே லாக்ல இருந்துச்சு.

பெருசா ஒண்ணும் நடந்துடல. யாரும் ஸாரி கேக்கல. அறிக்கையைத் திருத்தி அவன் பேரை எடுத்தாங்க. அந்த வருஷ ரேட்டிங் போனது போனதுதான். கொஞ்ச நாள்ல அவன் வேற இடத்துக்கு மாறிட்டான். "புது எடத்துல எப்படிடா?"ன்னு கேட்டேன். "இங்க மொ... மொத லாகைப் பார்க்குறாங்கடா, அப்புறம்தான் ஆளைப் பார்க்குறாங்க"ன்னான். நான் கேட்ட வரைக்கும் ஒரு கம்பெனிக்குக் கிடைச்ச பெரிய சர்டிஃபிகேட் அதுதான்.

இப்ப நானும் என் டீம்ல இதையே செய்யப் பார்க்குறேன். எதாவது படுத்துடுச்சுன்னு கால் வந்தா, முதல் கேள்வி "யாரு?"ன்னு வராம "எப்ப ஆரம்பிச்சுது?"ன்னு வரணும். அப்புறம் வரிசையா ஒவ்வொருத்தர். கடைசியா சேர்ந்த ஃப்ரெஷர் பொண்ணுக்கும் ஒரு முறை. வாயால சொல்லத் தயங்கினா சாட்ல அடிக்கட்டும். நேரம் வீணாகுதுன்னு மொதல்ல முணுமுணுத்தாங்க. தப்பான ஆள் பின்னாடி ரெண்டு மணி நேரம் ஓடுறதை விட இது எவ்வளவோ சீக்கிரம் முடியுதுன்னு இப்ப அவங்களே சொல்றாங்க.

கடைசியா சில உதிரிக் குறிப்புகள்

பட்டனை வீணாக்காதீங்க. பொதுவா ஆளுக்கு ஒரு தடவைதான் கிடைக்கும். "சும்மா ஹாய் சொல்லலாம்னு அமுக்கினேன்"னு சொல்றவரை எந்த விசாரணையும் இல்லாம வெளியே தள்ளலாம், அதுக்கு மட்டும் எங்க விதியில விலக்கு உண்டு.

கேமரா பார்க்குறதா இருந்தா ரொம்ப நேரம் பார்க்காதீங்க. நீங்க பார்க்குறது வெளியில இருக்குற கேமராவுல சிவப்பு விளக்கா மின்னும். இம்போஸ்டருக்கு அதைப் பார்த்தாலே தெரிஞ்சுடும், செக்யூரிட்டி ரூம்ல ஒருத்தர் முதுகைக் காட்டிட்டு உக்காந்திருக்கார்னு.

செத்துட்டீங்கன்னா வாயை மூடுங்க. பக்கத்து ரூம்ல தம்பி ஆடுறான்னு சுவத்தைத் தட்டிச் சொல்றது எல்லாம் போங்காட்டம்.

2021-ல இருந்து 15 பேர் வரைக்கும் ஆடலாம். அதே வருஷம் நவம்பர்ல சயின்டிஸ்ட், இஞ்சினியர், உருமாறிக்கிற ஷேப்ஷிஃப்டர்னு புது வேஷமெல்லாம் வந்துச்சு. ஷேப்ஷிஃப்டர் இருக்குற ஆட்டத்துல "என் கண்ணால பார்த்தேன்"ங்கிற சாட்சியமே ஆட்டம் கண்டுடும். பார்த்தது சிவப்பையா, சிவப்பு மாதிரி மாறின வேற ஒருத்தனையான்னு யோசிக்கணும். அதனால புதுசா ஆடுறவங்க மொதல்ல வேஷம் எதுவும் இல்லாம, ஸ்கெல்ட் மேப்ல, பத்து பேரோட, ரெண்டு இம்போஸ்டர் வெச்சு ஆடிப் பழகுங்க.

கூட்டத்துல பேசாத ஆள் ஒருத்தர் கட்டாயம் இருப்பார். அவர் முறை வரும்போது டைமரைப் பார்க்காம அவரைப் பாருங்க. வாராவாரம் கெலிப்பீங்க.

டிஸ்கி: எங்க கூட்டத்துல இப்ப ஒன்பது பேர்தான். மஞ்சளுக்குப் போன மாசம் குழந்தை பொறந்திருக்கு, ஆறு மாசத்துக்கு ராத்திரி எமர்ஜென்சி மீட்டிங் எல்லாம் வீட்டுலயே நடக்குதாம். அதனால ஒரு இடம் காலி. மேப் தெரியணும்னு கட்டாயம் இல்ல, அடுத்தவங்க பேசும்போது மைக்கை அணைக்கத் தெரிஞ்சா போதும். ஊதா கலர் மட்டும் கேக்கப்படாது, அது எனக்கு.